ஆரவ் என்றால் அமைதியா?

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அக்கா மகள் போன் செய்தாள். குழந்தை பிறந்து இருபது நாள் ஆகியிருந்தது.

"மாமா, தம்பிக்குப் பேர் முடிவு பண்ணியாச்சு. ஆரவ். அமைதின்னு அர்த்தம். பத்திரிகையிலயும் அதைப் போடப்போறோம். அச்சுக்குக் கொடுக்கறதுக்கு முன்னாடி நீங்க ஒரு தடவை பார்த்துச் சொல்லுங்க. நீங்கதானே பழைய அகராதியெல்லாம் வெச்சிருக்கீங்க."

அவள் பேசிக்கொண்டிருந்தபோதே பின்னால் குழந்தை வீறிட்டு அழுதுகொண்டிருந்தது. "அமைதி" என்று அவள் சொன்ன சொல் எனக்குச் சரியாகக் கூடக் கேட்கவில்லை.

பத்து நிமிஷத்தில் வாட்ஸ்அப்பில் அட்டை வந்தது. மேலே குழந்தையின் பெயர். அதன் கீழே சாய்ந்த எழுத்தில் "அமைதியின் வடிவம்". அதற்கும் கீழே இரண்டு பக்கத்துத் தாத்தா பாட்டிகளின் பெயர்கள். ஒரு பெயர் மட்டும் இல்லை. அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

அரை மணி நேரத்தில் பார்த்துச் சொல்கிறேன் என்றுதான் சொன்னேன். பத்து நாள் ஆகிவிட்டது. ஒரு பெயரைத் தேடப் போய் பக்கத்துப் பெயர், அதற்குப் பக்கத்துப் பெயர் என்று போய்விட்டது. அந்தக் குறிப்புகளைத்தான் இங்கே ஒழுங்குபடுத்தி எழுதுகிறேன்.

சத்தம் எப்படி அமைதி ஆனது

முதலில் மோனியர் வில்லியம்ஸின் சம்ஸ்கிருத அகராதி. 1899-ல் வந்த திருத்திய பதிப்பு. பெயர் சம்ஸ்கிருதம் என்று சொன்னால் முதலில் திறக்க வேண்டியது அதுதான். அதில் "ஆரவ" என்ற சொல் இருக்கிறது. பொருள்: கூச்சல், அழுகை, ஊளை, இடி முழக்கம். அமைதி எங்குமே இல்லை.

அகராதியைத் திறக்காமலேயே நம் காதுக்கு இது தெரிந்திருக்க வேண்டும். "ஆரவாரம்" என்கிறோம். "ஆள் அரவமே இல்லை" என்கிறோம். எந்தச் சொல் எந்த மொழியிலிருந்து எந்த மொழிக்குப் போனது என்பது தனி வழக்கு. ஆனால் எல்லாமே சத்தம் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை.

சம்ஸ்கிருதத்தில் "ரு" என்ற தாதுவுக்குச் சத்தம் போடுதல், கதறுதல் என்று பொருள். அதிலிருந்து "ரவ", சத்தம். இராவணனின் பெயரையும் இதே தாதுவோடுதான் சேர்த்துச் சொல்வார்கள். கைலாயத்தைத் தூக்கப் போனவன் கை மாட்டிக்கொண்டு மூவுலகும் நடுங்கக் கதறினான், அதனால் அந்தப் பெயர் வந்தது என்று வால்மீகியின் உத்தர காண்டம் கதை சொல்கிறது. ஆக, சொல்லின் குடும்பம் பார்த்தால் ஆரவும் இராவணனும் பங்காளிகள்!

பிறகு "அமைதி" எப்படி வந்தது? தப்பு எங்கே நடந்திருக்கும் என்று ஓரளவு ஊகிக்கலாம். சம்ஸ்கிருதத்தில் குறில் "அ" முன்னால் வந்தால் எதிர்மறை. அ + ஞானம், அஞ்ஞானம். ரவம் சத்தம் என்றால் அதற்கு முன்னால் ஒரு "அ" போட்டால் சத்தமில்லாதது, அதாவது அமைதி. கணக்கு சரிதான், ஆனால் பெயரில் இருப்பது குறில் இல்லை, நெடில். நெடில் "ஆ" எதிர்மறை அல்ல. ஞானத்தின் அதே தாதுவில் "ஆ" சேர்ந்தால் ஆக்ஞை, கட்டளை. அஞ்ஞானத்துக்கும் ஆக்ஞைக்கும் எவ்வளவு தூரமோ, அமைதிக்கும் ஆரவுக்கும் அவ்வளவு தூரம்.

உண்மையிலேயே சத்தமற்றது என்று பொருள் தரும் சொல் ஒன்று இருக்கிறது. "நீரவ". குஜராத்திகள் நீரவ் என்று பிள்ளைகளுக்கு வைக்கிறார்கள். அமைதிதான் வேண்டும் என்றால் அதைத் தேடியிருக்க வேண்டும்.

2002-ல் ஒரு இந்தி நடிகர் தம்பதி மகனுக்கு ஆரவ் என்று வைத்தார்கள். அதற்குப் பிறகு இந்தப் பெயர் வடக்கே பரவி, தெற்கேயும் வந்துவிட்டது. புத்தகக் கண்காட்சியில் வாங்கிய இரண்டு பெயர்ப் பட்டியல் புத்தகங்களைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். இரண்டிலும் "அமைதி". எழுத்துப் பிழை உட்பட ஒன்றைப் பார்த்து இன்னொன்று. பத்துப் பட்டியல் ஒரே பொருளைச் சொன்னால் பத்து சாட்சி என்று நினைக்கிறோம். உண்மையில் ஒரே சாட்சியின் பத்து நகல்.

மூன்று தனித்தனிக் கேள்விகள்

பெயரின் "அர்த்தம்" என்று நாம் ஒரே மூச்சில் கேட்பதில் மூன்று கேள்விகள் ஒளிந்திருக்கின்றன. பிரித்துக்கொண்டால் வேலை சுலபம்.

ஒன்று, இந்தச் சொல்லுக்கு என்ன பொருள்? இதற்கு அகராதி போதும்.

இரண்டு, இந்தச் சொல் எந்த மொழியில் பிறந்தது? இதற்குச் சொற்பிறப்பு பார்க்க வேண்டும். இங்கே அறிஞர்களுக்குள்ளேயே சண்டை உண்டு.

மூன்று, இதை மனிதர்களுக்குப் பெயராக எப்போதிலிருந்து வைத்தார்கள்? இதற்கு அகராதி உதவாது. கல்வெட்டு, ஓலை, பழைய பதிவேடு, சில சமயம் வீட்டுக் கிழவிகள்.

பட்டியல் புத்தகங்கள் மூன்றையும் ஒரே வரியில் கலந்து அடித்துவிடுகின்றன. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

ஒரே எழுத்து, வேறு சொல்

"மதி" என்ற பெயருக்குப் பட்டியலில் "நிலவு, அறிவு" என்று போட்டிருக்கிறார்கள். ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் என்பது போல. இவை இரண்டு வேறு சொற்கள். சந்திரனைக் குறிக்கும் மதி பழந்தமிழ் இலக்கியம் முழுக்க வருகிறது. அறிவைக் குறிக்கும் மதி, சம்ஸ்கிருதத்தில் நினைத்தல் என்ற பொருள் கொண்ட "மன்" தாதுவிலிருந்து வருவது. தமிழ் எழுத்தில் இரண்டும் ஒன்றாகத் தெரிகின்றன, அவ்வளவுதான்.

எது எது என்று துணைக்கு வரும் சொல்லை வைத்துக் கண்டுபிடிக்கலாம். வளர்மதி, இளமதி என்றால் நிலவு. அறிவு வளர்கிறது என்று யாரும் அங்கே நினைக்கவில்லை. சுமதி என்றால் நல்ல புத்தி, அங்கே நிலவு கிடையாது. அக்காவின் தோழிகளில் ஒரு சுமதியும் ஒரு வளர்மதியும் உண்டு. இரண்டு பேரையும் "மதி" என்றுதான் கூப்பிடுவார்கள். ஒரே கூப்பாடு, இரண்டு சொல்.

இதைவிட நல்ல உதாரணம் அருண்மொழி. நான் வாங்கிய ஒரு புத்தகத்தில் "அருண் + மொழி, சூரியனின் மொழி" என்று இருந்தது. படித்ததும் சிரிப்பு வந்தது, பிறகு கொஞ்சம் வருத்தமும். இது பள்ளிக்கூடத்துப் புணர்ச்சி விதி. ளகர மெய்க்குப் பின் மகரம் வந்தால் ள் என்பது ண் ஆகும். நாள் + மலர், நாண்மலர். அதே மாதிரி அருள் + மொழி, அருண்மொழி. சூரியனுக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. கருணையான சொல் என்பதுதான் பொருள். பெரிய புராணம் பாடிய சேக்கிழாரின் இயற்பெயர் அருண்மொழித்தேவர். அவருக்கும் சூரியனுக்கும் முடிச்சுப் போட்டால் எப்படி?

முதலாம் இராசராசனின் இயற்பெயரிலும் இந்தச் சிக்கல் உண்டு. கல்கி எழுதி நம் மனதில் பதிந்தது அருள்மொழிவர்மன். கல்வெட்டுகளில் அவன் பெயரால் அமைந்த வளநாட்டை "அருமொழிதேவ வளநாடு" என்று வெட்டியிருக்கிறார்கள். அருமொழி என்றால் அரிய மொழி. அருளா, அருமையா என்று ஆய்வாளர்கள் பேசுகிறார்கள். அந்தப் பேச்சிலும் சூரியன் இல்லை.

"தூய தமிழ்ப் பெயர்" என்ற முத்திரை

இது கொஞ்சம் கத்தி மேல் நடக்கிற பகுதி. இருந்தாலும் சொல்லியாக வேண்டும்.

தனித்தமிழ்ப் பெயர் வைப்பது வெறும் ஆசை இல்லை, அதற்கு ஒரு வரலாறு உண்டு. சுவாமி வேதாசலம் 1916-ல் மறைமலை அடிகள் ஆனார். வேதம் மறை, அசலம் மலை. சொல்லுக்குச் சொல் பெயர்ப்பு. அவருக்கு முன்பே வி.கோ. சூரியநாராயண சாஸ்திரியார் (1870–1903) பரிதிமாற்கலைஞர் என்று தன் பெயரை மாற்றி எழுதினார். சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர்.

இங்கேதான் ஒரு வேடிக்கை. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன், 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது. அதில் "பரிதி" என்ற சொல்லைப் பார்த்தால் சம்ஸ்கிருத "பரிதி" என்ற சொல்லோடு, அதாவது சூரியனைச் சுற்றித் தெரியும் வட்டத்தைக் குறிக்கும் சொல்லோடு இணைத்திருக்கிறார்கள். தமிழ்ப் பெயர்ப் பட்டியல்களில் தவறாமல் வரும் "ஆதவன்" என்பதையும் வெப்பம், வெயில் என்ற பொருளுள்ள "ஆதப" என்ற சொல்லிலிருந்து வந்ததாக லெக்சிகன் சொல்கிறது. சங்கப் புலவர் கபிலரின் பெயர்? "கபில" என்றால் சம்ஸ்கிருதத்தில் பழுப்பு நிறம். சாங்கிய முனிவரின் பெயரும் அதுதான்.

லெக்சிகன் சொன்னால் முடிந்த முடிவா? இல்லை. லெக்சிகன் நிறையத் தமிழ்ச் சொற்களை வடமொழி என்று தள்ளிவிட்டது என்பது தேவநேயப் பாவாணரின் வாழ்நாள் குற்றச்சாட்டு. அதற்கு மாற்றாகத்தான் 1974-ல் செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் அகரமுதலித் திட்டத்துக்கு அவர் இயக்குநரானார். 1981-ல் அவர் மறைந்தார். முதல் தொகுதி 1985-ல் வந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது என் வழக்கம். கூடவே பர்ரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி, 1961-ல் வந்தது, 1984-ல் இரண்டாம் பதிப்பு. ஒரு சொல்லுக்கு மலையாளத்திலும் தெலுங்கிலும் இன்னும் பழங்குடி மொழிகளிலும் உடன்பிறப்புகள் இருந்தால் அது நம் வீட்டுப் பிள்ளை என்று தைரியமாகச் சொல்லலாம். "நிலா" அப்படிப்பட்ட சொல். மலையாளத்தில் நிலாவு. தெலுங்கில் நெல, நிலவுக்கும் மாதத்துக்கும் அதே சொல். தூய தமிழ் வேண்டும் என்பவர்கள் கண்ணை மூடிக்கொண்டு வைக்கலாம்.

ஆனால் "ஆதிரை"யை என்ன செய்வீர்கள்? விண்மீன் பெயர். சம்ஸ்கிருத "ஆர்த்ரா", ஈரமானது, என்பதன் தமிழ் வடிவம். பிறப்பு அங்கே. அதே சமயம் மணிமேகலைக் காப்பியத்தில் அமுதசுரபியில் முதல் பிச்சை இட்டவள் ஆதிரை. நூற்றாண்டுக் கணக்காகத் தமிழ்நாட்டில் வாழ்ந்த பெயர். பிறந்த ஊர் வேறு, வாழ்ந்து பழகிய ஊர் வேறு. ஆதிரையை "தூய தமிழ்" என்று எழுதினால் இரண்டாம் கேள்விக்குத் தப்பான விடை. "தமிழ்ப் பெயரே இல்லை" என்று தள்ளினால் மூன்றாம் கேள்விக்குத் தப்பான விடை. நம் சண்டைகளில் பாதி, இந்த இரண்டு கேள்வியையும் ஒன்றாக்கியதால் வருவது.

"சோழர் காலப் பெயர்"

பூங்குழலி என்ற பெயருக்கு எதிரே "சோழர் காலப் பெயர்" என்று ஒரு புத்தகம் போட்டிருக்கிறது. பூங்குழலி கல்கி உருவாக்கிய பாத்திரம். பொன்னியின் செல்வன் 1950 முதல் 1954 வரை தொடராக வந்தது. பூச்சூடிய கூந்தலை உடையவள் என்ற வருணனை பழையதுதான். ஆனால் கடலில் படகு ஓட்டிய அந்தப் பெண்ணை நமக்குத் தந்தது கல்கிதான். வந்தியத்தேவன் அப்படி இல்லை. குந்தவையின் கணவர் வல்லவரையர் வந்தியத்தேவர் என்று தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டிலேயே இருக்கிறது. ஒரே நாவல், ஒரு பெயருக்குக் கல் சாட்சி, இன்னொன்றுக்குக் கற்பனைதான் சாட்சி.

உண்மையான சோழர் காலப் பெயர்கள் வேண்டும் என்றால் நொபொரு கராஷிமா, எ. சுப்பராயலு, தோரு மட்சுயி மூவரும் சேர்ந்து தொகுத்த சோழர் கல்வெட்டுப் பெயரடைவு இருக்கிறது. 1978-ல் மூன்று தொகுதிகளாக வந்தது. அதைப் புரட்டினால் நம் பட்டியல் புத்தகங்களின் "சோழர் காலம்" ஒரு சினிமா செட் என்று புரியும்.

ஒரு உதாரணம் போதும். இராசராசன் பெரிய கோயிலுக்காக 400 தளிச்சேரிப் பெண்டுகளைக் குடியமர்த்தினான். ஒவ்வொருவர் பெயரையும், எந்த ஊர்த் தளியிலிருந்து வந்தார் என்பதையும் கல்லில் வெட்டிவைத்திருக்கிறான். நக்கன் சேரமங்கை, நக்கன் உதாரி, நக்கன் சோழகுலசுந்தரி என்று போகிற வரிசையில் ஒருத்தி பெயர் நக்கன் எடுத்தபாதம். ஆடவல்லானின் தூக்கிய திருவடி. ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் ஒரு பெண்ணை "எடுத்தபாதம்" என்று கூப்பிட்டிருக்கிறார்கள். இது பெற்றவர்கள் இட்ட பெயராகவும் இருக்கலாம், கோயிலுக்கு வந்தபின் இட்டதாகவும் இருக்கலாம். எப்படியானாலும் எந்தப் பட்டியலிலும் இது இல்லை. ஏன் என்று எனக்குப் புரிகிறது. இன்றைக்கு எல்.கே.ஜி. வகுப்பில் இந்தப் பெயரைக் கூப்பிட்டால் பிள்ளை வீட்டுக்கு அழுதுகொண்டு வரும்.

இன்னும் பின்னால் போனால் ஆதன். கீழடியில் கிடைத்த பானை ஓட்டில் கீறிய பெயர். புகளூர்க் கல்வெட்டில் சேர அரசர் வரிசையில் ஆதன் செல்லிரும்பொறை. சாமானியர் வீட்டுப் பானையிலும் அரசர் பெயரிலும் ஒரே சொல். சாத்தன், கொற்றன், பூதன், கீரன் எல்லாம் அந்தக் காலத்துச் சுப்பிரமணியும் செந்திலும். "சங்ககாலப் பெயர்கள்" என்று போடும் புத்தகங்களில் இவற்றைத் தேடித்தான் பார்க்க வேண்டும்.

இது நம் ஊர் வியாதி மட்டும் இல்லை. வனெசா என்ற ஆங்கிலப் பெயருக்குப் "பட்டாம்பூச்சி" என்று பொருள் போடுவார்கள். அந்தப் பெயரைக் கட்டியவர் ஜொனாதன் ஸ்விஃப்ட். எஸ்தர் வானொம்ரி என்ற தோழியின் குடும்பப் பெயரிலிருந்து "வான்", எஸ்தரிலிருந்து "எஸ்ஸா", சேர்த்தால் வனெசா. அவளைப் பற்றிய அவருடைய கவிதை 1726-ல் அச்சானது. பட்டாம்பூச்சி இனம் ஒன்றுக்கு வனெசா என்று ஃபாப்ரீசியஸ் என்ற விலங்கியலாளர் பெயர் வைத்தது 1807-ல். பூச்சிக்குப் பெண்ணின் பெயரை வைத்தார்கள். பட்டியல்காரர்கள் அதைத் திருப்பிப் போட்டுவிட்டார்கள். (இவர் யோஹான் கிறிஸ்டியன் ஃபாப்ரீசியஸ். 1779-ல் வேப்பேரியில் தமிழ் அகராதி அச்சிட்ட யோஹான் ஃபிலிப் ஃபாப்ரீசியஸ் வேறு ஆள்.) வருஷத்தைப் பார்க்காமல் பொருளை மட்டும் பார்த்தால் இப்படித்தான் ஆகும்.

அகராதியில் கிடைக்காத அர்த்தம்

இவ்வளவையும் எழுதி முடித்து, அக்கா மகளுக்கு அனுப்பலாம் என்று அட்டையை மறுபடி திறந்தேன். அப்போதுதான் அந்த விட்டுப்போன பெயர் கண்ணில் உறுத்தியது. கொள்ளுத்தாத்தாக்களில் மூன்று பேர் "தெய்வத்திரு" என்று இருக்கிறார்கள். நாலாவது ஆள், எங்கள் அப்பா, இல்லை.

எங்கள் அப்பா பெயர் பிச்சை. பிச்சைமுத்து இல்லை, பிச்சாண்டி இல்லை. வெறும் பிச்சை. ரேஷன் கார்டிலும் வீட்டுப் பத்திரத்திலும் அதுதான்.

என் பெயருக்கு முன்னால் இருக்கும் "பி." அதுதான். ஆறாம் வகுப்பில் புதிதாக வந்த வாத்தியார் "பி-ன்னா என்னடா?" என்று கேட்டார். சொன்னேன். வகுப்பே சிரித்தது. மறுநாளிலிருந்து நான் பிச்சைமுத்து மகன். கல்லூரியில் போய் பிச்சாண்டி என்று உயர்த்திக்கொண்டேன், சிவனுடைய பெயர் ஆயிற்றே. அக்கா கல்யாணப் பத்திரிகையில் "பி.எம்." என்று சுருக்கிப் போட்டோம். அப்பா அதைப் பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை.

அகராதி முறைப்படி பார்த்தால் முதல் இரண்டு கேள்விக்கும் ஒரு நிமிஷத்தில் விடை. பிச்சை: இரந்து பெறுவது. சம்ஸ்கிருத "பிக்ஷா". முடிந்தது.

மூன்றாவது கேள்விக்கு விடை அப்பத்தாவிடம் இருந்தது. அப்பாவுக்கு முன்னால் பிறந்த இரண்டும் மாசம் திரும்புவதற்குள் போய்விட்டன. "தங்கல" என்றுதான் அப்பத்தா சொல்லும், செத்துப்போச்சு என்று சொல்லாது. மூன்றாவதாக அப்பா பிறந்ததும் குழந்தையை முறத்தில் கிடத்தி மாரியம்மன் கோயில் வாசலில் வைத்துவிட்டார்கள். அடுத்த தெருக்காரி ஒருத்தி, நிறையப் பிள்ளை பெற்றவள், தன் பிள்ளை மாதிரி எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அப்பத்தா அவள் வாசலில் போய் முந்தானையை ஏந்தி நின்று, "தாயே, பிச்சை போடு" என்று கேட்டது. அவள் முந்தானையில் போட்டாள். அதனால் பிச்சை.

இது எங்கள் வீட்டுக்கு மட்டும் உரிய கதை இல்லை. பிள்ளை தங்காத வீடுகளில் குழந்தையைக் குப்பையில் போட்டு எடுத்தால் குப்பன், குப்பம்மாள், குப்புசாமி. தவிடு கொடுத்து வாங்கினால் தவிடன், தவிட்டம்மாள். வேண்டாத பொருள் என்று நினைத்து எமனும் கண்ணேறும் விட்டுவிடட்டும் என்ற தந்திரம். வங்காளத்தில் தின்கொரி என்று ஒரு பெயர் உண்டு, மூன்று சோழி என்று பொருள். மூன்று சோழி கொடுத்து வாங்கிய பிள்ளை. பஞ்சாபில் சஜ்ஜு, முறத்தைக் குறிக்கும் "சாஜ்" என்ற சொல்லிலிருந்து. 1883-ல் ரிச்சர்ட் கார்னாக் டெம்பிள் பஞ்சாபிப் பெயர்களைப் பற்றி எழுதிய நூலில் இப்படிப்பட்ட இழிபெயர்களைத் தனியாகவே பேசுகிறார். அதைப் படித்த அன்று கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். அங்கேயும் ஒரு முறம். அங்கேயும் ஒரு அப்பத்தா.

எல்லா நிகழ்ச்சிப் பெயரும் இப்படி அன்பில் வந்தது என்று சொல்லவில்லை. வேண்டாம், போதும்பொண்ணு என்று பெண் பிள்ளைகளுக்கு வைத்த பெயர்களும் இதே ஊர்களில்தான் இருக்கின்றன. அவற்றின் வரலாறு கசப்பு. ஆனால் அதையும் அகராதி சொல்லாது. யார், எப்போது, எதற்காக வைத்தார்கள் என்று கேட்டால்தான் தெரியும்.

நூறு பட்டியல் புரட்டினாலும் பிச்சைக்கு "இந்தப் பிள்ளை பிழைத்துக் கிடக்கட்டும்" என்ற பொருள் கிடைக்காது. ஆனால் அதன் சரியான பொருள் அதுதான். சாட்சி உள்ள பொருள், அப்பத்தாவே சொன்னது. ஆரவுக்கு "அமைதி" என்பது சாட்சி இல்லாத பொருள். நாங்கள் என்ன செய்தோம்? சாட்சி இல்லாததைச் சாய்ந்த எழுத்தில் போட்டோம். சாட்சி உள்ளதை மறைத்தோம். அழகான அர்த்தத்துக்கு நாம் அலைவதில் உள்ள உண்மையான ஆபத்து இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. ஒரு தப்பான அர்த்தம் உள்ளே வருவது சின்ன விஷயம். அது வரும்போது கூடவே ஒரு உண்மையான அர்த்தத்தை வெளியே தள்ளிவிடுகிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது. தாத்தாவின் பெயரைத் தாங்குபவன். பெயர்த்திதான் பேத்தி. பெயர் வைப்பது என்றாலே ஒரு காலத்தில் முன்னால் போனவரைக் கூப்பிடுவதுதான். புதுப் பெயர் வைப்பது தப்பில்லை, நாங்களே வைத்திருக்கிறோம். ஆனால் பத்திரிகையில் ஓர் ஓரத்தில்கூடவா அவருக்கு இடம் இல்லை?

அவளிடம் என்ன சொன்னேன்

போன் செய்து ஆரவின் அர்த்தத்தைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. பிறகு சிரித்தாள்.

"ராத்திரி பன்னெண்டு மணிக்கு ஆரம்பிக்கிறான் மாமா. விடியற வரைக்கும் கத்துறான். பேர் கரெக்டாத்தான் வெச்சிருக்கோம்."

"மாத்தணும்னா மாத்தலாம்மா. பிறப்பைத்தான் 21 நாளுக்குள்ள பதியணும். பெயரை 12 மாசத்துக்குள்ள கட்டணம் இல்லாம சேர்த்துக்கலாம். அதுக்கப்புறமும் தாமதக் கட்டணம் கட்டி 15 வருஷம் வரைக்கும் சேர்க்கலாம். அவசரமே இல்லை."

"நீங்க என்ன சொல்றீங்க?"

நான் சொன்னது இதுதான். சத்தம் என்பது கெட்ட அர்த்தம் இல்லை. பிறந்ததும் அழாத குழந்தையைத் தலைகீழாகப் பிடித்துத் தட்டி அழவைத்த காலம் உண்டு. அந்த முதல் சத்தத்துக்காகத்தான் வீடே காத்திருந்தது. பெயர் பிடித்திருந்தால் வையுங்கள். "அமைதியின் வடிவம்" என்ற வரியை மட்டும் எடுத்துவிடுங்கள். நாளைக்கு அவன் வளர்ந்து அகராதியைத் திறந்தால் நம்மைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது.

உங்களுக்கும் அதே யோசனைதான். பட்டியல் சொல்லும் பொருளை அந்த மொழியின் அகராதியில் ஒரு தடவை பாருங்கள். குறிலா நெடிலா என்று பாருங்கள். "பழங்காலப் பெயர்" என்றால் எந்தக் கல், எந்த ஏடு என்று கேளுங்கள். அதைவிட முக்கியம், வீட்டில் விசித்திரமான பெயரோடு ஒரு பெரியவர் இருந்தால், அந்தப் பெயர் எப்படி வந்தது என்று இன்றைக்கே கேட்டு எழுதி வையுங்கள். அந்த அகராதிக்கு மறுபதிப்பு கிடையாது.

நாங்கள் பேசியதை ஸ்பீக்கரில் அக்காவும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். கடைசியில் போனை வாங்கினாள்.

"டேய், அந்த அமைதி வரியை எடுத்தா அங்க ஒரு இடம் காலியா இருக்குமில்ல?"

"இருக்கும் அக்கா."

"அப்பா பேரைப் போடச் சொல்லு. பிச்சைன்னே போடு. முத்து கித்துன்னு ஒண்ணும் சேர்க்காதே."

அட்டை நேற்று அச்சாகி வந்தது. பார்த்தேன். என் பெயருக்கு முன்னால் இருக்கும் அந்த ஒற்றை எழுத்து, இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக ஒரு குடும்பப் பத்திரிகையில் விரித்து எழுதப்பட்டிருக்கிறது.